ஏழாவது பரிந்துரை

அவள் சொன்னதில் பாதிதான் உண்மை மதினி. மேல் லயத்துக்காரி குழாயடியில் நின்று என்னென்ன சொன்னாள் என்று எனக்கும் காதில் விழுந்தது. அட்டனில் நடந்த பெரிய கூட்டத்தில் நான் மேடையேறி மைக்கைப் பிடுங்கினேனாம். நாலு நாட்டுக்காரர்கள் முன்னால் ஒப்பாரி வைத்தேனாம். கடைசியில் இரண்டு பேர் என்னைத் தாங்கிப் பிடித்து இறக்கினார்களாம். மைக்கை நான் பிடுங்கவில்லை. அவர்களாகத்தான் கொடுத்தார்கள். திருப்பிக் கொடுக்கக் கொஞ்சம் நேரமாகிவிட்டது, அவ்வளவுதான். ஒப்பாரியும் இல்லை. என் ஒப்பாரி எப்படி இருக்கும் என்று உங்கள் மாமியார் செத்தபோது நீங்களே கேட்டிருக்கிறீர்கள். அப்படி ஒன்று நான் வைத்திருந்தால் அட்டன் டவுனில் கடை திறந்திருக்காது.

உட்காருங்கள். அந்தப் பலகையில் வேண்டாம், அதில் ஆணி துருத்திக்கொண்டிருக்கிறது. இதில் உட்காருங்கள். முதலிலிருந்து சொல்கிறேன். சந்தோஷமாகத்தான் சொல்கிறேன், என் முகத்தைப் பார்த்தாலே உங்களுக்குத் தெரியும். கதை சந்தோஷமாக முடிந்ததா என்று மட்டும் கேட்காதீர்கள். அது இன்னும் முடியவில்லை.

தோட்டப் பெண்கள் சங்கத்து மிஸ் ஒரு நாள் சாயங்காலம் நம் வரிசை வீட்டு லயத்துக்கு வந்தாள். பக்கத்து நாடுகளில் கொழுந்து எடுக்கிற பெண்களை எல்லாம் அட்டனுக்குக் கூட்டி வரப்போகிறார்கள், மூன்று நாள் கூட்டம், நம் தோட்டத்திலிருந்தும் ஒருத்தி வேண்டும் என்றாள். வேலைக்குப் போகிற பெண்கள் முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள். மூன்று நாள் வேலையை விட்டுவிட்டு யார் போவது? ஒருத்தி அடுப்பைப் பார்த்தாள், ஒருத்தி பிள்ளையின் தலையில் பேன் பார்த்தாள். நான்தான் ஓய்ந்து உட்கார்ந்து வருடக்கணக்காகிறதே. அடுப்படியில் ரொட்டிக்கு மாவு பிசைந்துகொண்டே, எனக்கு எழுதப் படிக்கத் தெரியாது என்று முன்கூட்டியே சொல்லி வைத்தேன்.

"எழுத ஆளு இருக்கு பாட்டி. பேசத்தான் ஆளு இல்ல" என்றாள் மிஸ்.

எந்தெந்த நாட்டிலிருந்து வருகிறார்கள் என்று சும்மா ஒரு பேச்சுக்குத்தான் கேட்டேன். நேபாளம் என்றாள், பங்களாதேஷ் என்றாள், இந்தியா என்றாள். இந்தியாவில் அசாம் பக்கமிருந்து இரண்டு பேர், கூடலூரிலிருந்து ஒருத்தி. கூடலூர் என்றதும் பிசைந்துகொண்டிருந்த கை நின்றுவிட்டது. அதற்கப்புறம் அன்றைக்கு ரொட்டி சுட்டது மருமகள்தான். வேகாமலும் இருந்தது, கருகியும் இருந்தது. இரண்டையும் ஒரே ரொட்டியில் எப்படிக் கொண்டு வருகிறாள் என்று எனக்கு இன்றைக்கும் விளங்கவில்லை.

எனக்கு ஒரு அக்கா உண்டு என்று உங்களுக்குச் சொல்லியிருக்கிறேன். எங்கே இருக்கிறாள் என்று சொன்னதில்லை. எனக்கே தெரியாததை எப்படிச் சொல்வது?

அந்தக் காலத்தில் இரண்டு நாட்டுப் பெரியவர்களும் உட்கார்ந்து பேசி, நம் ஆட்களைப் பங்கு பிரித்துக்கொண்டார்கள். இத்தனை பேர் அங்கே, இத்தனை பேர் இங்கே. எங்கள் அப்பா எழுதிப் போட்டது இந்தியாவுக்கு. என் வீட்டுக்காரர் குடும்பம் எழுதிப் போட்டது இலங்கைக்கு. எனக்குக் கல்யாணமாகி ஆறு மாதம் இருக்கும், அப்பாவுக்குப் போகச் சொல்லிக் கடிதம் வந்தது. மூத்தவள் இருக்க இளையவளுக்கு எப்படி முதலில் கல்யாணம் என்று கேட்பீர்கள். அவர் பெண் பார்க்க வந்தது அக்காவைத்தான். தேத்தண்ணி கொண்டுபோய் வைத்தது நான். வீட்டுக்குப் போனதும், தேத்தண்ணி கொடுத்த பெண் என்றால் சரி என்று ஆள் அனுப்பினார். அக்கா அன்றைக்குச் சிரித்தாள். என் தலையில் எண்ணெய் வைத்துச் சீவிவிட்டதும் அவள்தான். அன்றைக்கு அவள் தேத்தண்ணி கொண்டுபோயிருந்தால், இந்த ஒற்றை அறைக் காம்பராவில் உட்கார்ந்து உங்களோடு பேசிக்கொண்டிருப்பது அவளாக இருக்கும். நான் அந்தப் பக்கம் எங்கேயோ இருந்திருப்பேன். இதை நான் அடிக்கடி நினைப்பதில்லை. பால் பொங்கும்போது மட்டும் நினைப்பேன், ஏன் என்று தெரியவில்லை.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும், அது தெரியாவிட்டால் மீதி விளங்காது. நாம் கொழுந்து எடுக்கும்போது செடியின் தலையில் குறுக்காக வைக்கிற மட்டக்கம்பு இருக்கிறதல்லவா, அதற்கு மேலே நிற்பதைத்தானே கிள்ளுவோம். இப்போது பாதிப் பேர் அதை வைப்பதே இல்லை. அப்போது கம்பில்லாமல் மலைக்குப் போனால் கங்காணி திருப்பி அனுப்பிவிடுவார். கொழுந்து நிறுக்கிற இடத்தில் எல்லாக் கம்புகளும் ஒன்றாகக் கிடக்கும். எது யாருடையது என்று தினமும் சண்டை. அதனால் ஒவ்வொரு வீட்டுக்கும் ஒரு குறி உண்டு. அப்பா ஒரே கிளையில் எங்கள் இரண்டு பேருக்கும் இரண்டு கம்பு வெட்டினார். ஒரே நூலால் அளந்து வெட்டினார், உன்னுடையது பெரிது என்னுடையது சிறிது என்று நாங்கள் அடித்துக்கொள்ளக் கூடாதாம். கம்பியைப் பழுக்கக் காய்ச்சி இரண்டிலும் ஒரே குறியைச் சுட்டார். ஒரு வட்டம், அதற்குக் கீழே கோழிக்கால் மாதிரி மூன்று கோடு.

அட்டன் ஸ்டேஷனில் கோச்சி ஏறும்போது அக்கா அந்தக் கம்பையும் கையில் வைத்திருந்தாள். டிரங்குப் பெட்டிக்கே இடமில்லை, கம்பு எதற்கு என்று அம்மா ஏசினாள். இந்தியாவில் போய் எந்தச் செடிக்கு மேல் வைக்கப்போகிறாய் என்றாள். அக்கா ஏறி உட்கார்ந்தாள். கம்பை ஜன்னலுக்கு வெளியே நீட்டினாள். கோச்சி நகரும் வரைக்கும் அதன் நுனியை நான் பிடித்துக்கொண்டு நடந்தேன். பிறகு பிளாட்பாரம் முடிந்துவிட்டது.

இரண்டு கடிதம் வந்தது. யாரோ எழுதிக் கொடுத்த கடிதம், கணக்கப்பிள்ளை வாசித்துக் காட்டினார். கூடலூர் பக்கம் தேயிலைத் தோட்டத்தில் வேலை கொடுத்திருக்கிறார்கள், குளிர் இங்கே மாதிரியேதான், அட்டை அங்கேயும் கடிக்கிறது. அம்மா செத்துப்போனது இரண்டாவது கடிதத்தில் இருந்தது. அந்தக் கடிதங்களைக் கூரைத் தகரத்துக்கும் மரத்துக்கும் இடையில் செருகி வைத்திருந்தேன். ஒரு ஆடி மழையில் ஒழுகி, இரண்டும் கூழாகிவிட்டன. படிக்கத் தெரிந்தவர்களுக்குக் கடிதம் போனாலும் விலாசம் மனதில் நிற்கும். எனக்குக் கடிதத்தோடு விலாசமும் போனது. அப்புறம் அக்காவிடமிருந்து வரவில்லை. நாங்கள் லயம் மாறி, தோட்டம் மாறி இங்கே வந்துவிட்டோம். அவள் எழுதினாளோ என்னவோ. திருச்சிக்குக் கோவிலுக்குப் போகிறவர்களிடம் எல்லாம் சொல்லி அனுப்பினேன். திருச்சிக்கும் கூடலூருக்கும் எவ்வளவு தூரம் என்று அப்போது எனக்குத் தெரியாது. இந்தியாவுக்குப் போகிறவர்கள் இந்தியாவில் இருக்கிறவர்களைப் பார்க்காமலா வரப்போகிறார்கள் என்று நினைத்தேன்.

சரி, கூட்டத்துக்கு வருகிறேன். நல்ல சேலையைக் கட்டிக்கொண்டு, டிக்கோயா பஸ்ஸில் நின்றுகொண்டே போய் இறங்கினேன். வாசலில் நாலு கொடி. உள்ளே குளிர்சாதனம் வேறு போட்டிருந்தார்கள் மதினி, அட்டன் குளிரில் அதற்கு மேல் ஒரு குளிர். நேபாளத்துக்காரிகள் மட்டும் சால்வை போர்த்திச் சுகமாக இருந்தார்கள். காதில் மாட்ட ஒரு கருவி கொடுத்தார்கள். யார் எந்தப் பாஷையில் பேசினாலும் அதில் தமிழில் வரும் என்றார்கள். வந்தது. ஆனால் அந்தத் தமிழ் எனக்கு விளங்கவில்லை. பக்கத்தில் இருந்த அசாம்காரி என் கட்டைவிரலைப் பிடித்து, நகத்தடியில் இருந்த கறுப்பைத் தொட்டுக் காட்டினாள். பிறகு தன் விரலைக் காட்டினாள். அது விளங்கியது. அப்புறம் அந்தப் பக்கம் உட்கார்ந்திருந்த பங்களாதேஷ்காரியும் விரலை நீட்டினாள். நான் ஓய்ந்து இத்தனை வருடமாகியும் எனக்குத்தான் கறை அதிகம். கொஞ்சம் பெருமையாகவே இருந்தது.

பையும் பெயர் எழுதிய அட்டையும் வாங்குவதற்குக் கையெழுத்துப் போடச் சொன்னார்கள். மேசையில் மைப் பெட்டி இருந்தது. அந்தப் பிள்ளை என்னைப் பார்த்ததும் மைப் பெட்டியை என் பக்கம் தள்ளினாள். எனக்கு அது பிடிக்காது. நான் சம்பளம் போடுகிற செக்ரோலில்கூட ரேகை வைத்ததில்லை. பேனாவை வாங்கி, எப்போதும் போடுகிற மாதிரி வட்டம் போட்டு, கோழிக்கால் போட்டேன். எனக்கு எழுதத் தெரிந்தது அது ஒன்றுதான்.

பின்னால் வரிசையில் நின்ற ஒருத்தி எட்டிப் பார்த்தாள். ஐம்பது வயது இருக்கும், மூக்கில் சிவப்புக் கல்.

"என்னாங்கம்மா அது, கோலமா?"

எங்கள் வீட்டுக் குறி, அப்பா மட்டக்கம்பில் சுட்டது என்றேன். அவள் சிரிக்கவில்லை. தாளை மறுபடியும் பார்த்தாள்.

"இத நான் எங்கயோ பாத்திருக்கேனே" என்றாள். "எங்க பக்கத்து லைன்ல ஒரு பெரியம்மா இருக்காங்க. அவங்க வீட்டு நெலப்படிக்கு மேல ஒரு கம்பு சொருகியிருக்கும். அதுல இப்படித்தான் ஏதோ சுட்டிருக்கும். சின்னதுல அதத் தொட்டா ஏசுவாங்க."

நீ எந்த ஊர் என்று நான் கேட்கவே இல்லை மதினி. எனக்குத் தெரிந்துவிட்டது. பேனாவைக் கீழே வைக்காமல் அவள் பக்கம் திரும்பினேன். பின்னால் நின்றவர்கள் முணுமுணுத்தார்கள். அவள் என்னைக் கையைப் பிடித்துக் கதவோரம் கூட்டிக்கொண்டு போனாள். அவளுடைய அம்மா அப்பாவும் நம் பக்கத்திலிருந்து போனவர்கள்தானாம், பேச்சும் நம் பேச்சுத்தான்.

அந்தப் பெரியம்மா பெயர் என்ன என்றேன். பெரியம்மா என்றுதான் எல்லாரும் கூப்பிடுவோம், பெயர் தெரியாது என்றாள். உங்கள் அக்கா பெயர் என்ன என்று என்னைக் கேட்டாள். வீட்டில் கூப்பிடுகிற பெயரைச் சொன்னேன். அது தாளில் இருக்கிற பெயர் இல்லை. தாளில் அப்பா என்ன பெயர் எழுதிக் கொடுத்தார் என்று எனக்குத் தெரியாது. நான் அவளை அக்கா என்று மட்டும்தானே கூப்பிட்டேன்.

"நெத்தில, எடது பக்கம், ஒரு தழும்பு இருக்கா? கவ்வாத்துக் கத்தி பட்டது" என்றேன்.

"எப்பப் பாத்தாலும் தலைல துண்டு கட்டியிருப்பாங்களே."

"சிரிச்சா எப்படிச் சிரிப்பாங்க?"

"வாயப் பொத்திக்கிட்டு."

"அது எல்லாரும் அப்படித்தான் சிரிப்பாங்க. வேற ஏதாச்சும் சொல்லு தாயி."

"அவங்களுக்குக் கோவம் வந்தா, நீங்க இப்ப நிக்கிறீங்களே, இடுப்புல கைய வச்சு, இப்படித்தான் நிப்பாங்க" என்றாள். எனக்கு அப்போது கோபமே இல்லை. நான் சும்மாதான் நின்றேன்.

உடனே கூப்பிட்டுப் பேசலாமே என்று நீங்கள் கேட்பீர்கள். அந்தப் பெரியம்மாவுக்குப் போன் கிடையாதாம். இவளுடைய போன் இந்த நாட்டில் வேலை செய்யவில்லை. மண்டபத்து இணையத்தில் அவள் வீட்டுக்காரருக்கு அடித்துப் பார்த்தாள், அவர் மலைக்குப் போயிருந்தார், எடுக்கவில்லை. அடுத்த பேச்சு ஆரம்பிக்கிறது, எல்லாரும் உள்ளே வாருங்கள் என்று மணி அடித்தார்கள். அயல்நாடுகளுக்கு இடையில் தொடர்பை எப்படி வளர்ப்பது என்று ஒரு ஐயா படம் போட்டு விளக்கினார். கடலுக்கடியில் கம்பி போகுமாம், மின்சாரம் வருமாம், கப்பல் வருமாம், பாலம்கூட வரலாமாம். நல்ல மனுஷர், குறை சொல்லவில்லை. நான் நடுநடுவே திரும்பிக் கூடலூர்காரியைப் பார்த்தேன். அவள் மேசைக்கடியில் போனைப் பார்த்து உதட்டைப் பிதுக்கினாள். அவர் எடுக்கவில்லை. ராத்திரி அடிக்கலாம் என்றால் மண்டபத்தைப் பூட்டிவிட்டார்கள், அவள் படுத்த இடத்தில் இணையம் இல்லை.

மறுநாள்தான் அந்த மைக். வந்தவர்களுக்கு நம் நாட்டுத் தோட்டப் பெண்கள் சார்பில் இரண்டு வார்த்தை நன்றி சொல்லுங்கள் பாட்டி என்று மிஸ் சொல்லிக் கொடுத்திருந்தாள். காலையெல்லாம் அந்த இரண்டு வார்த்தையை மனப்பாடம் செய்தேன். மேடையில் ஏறினால் எதிரே நூறு முகம். நன்றியும் சொன்னேன், அதை மேல் லயத்துக்காரி உங்களிடம் சொல்லியிருக்க மாட்டாள். அதோடு நின்றிருக்கலாம். ஆனால் இவ்வளவு பெரிய ஆட்களை நான் இனி எங்கே பார்க்கப் போகிறேன்?

"எங்க அக்கா கூடலூர் பக்கம் இருக்காங்க. பிரிஞ்சு அம்பது வருஷத்துக்குப் பக்கமாச்சு" என்றேன். "நேத்து ஒரு தாயி, ஒரு கம்பப் பாத்தேன்னு சொன்னாங்க. நீங்க எல்லாம் நாட்டுக்கு நாடு பேசுறவங்க. ஒருத்தர் போன் எடுத்து, அந்தம்மா உசுரோட இருக்காங்களான்னு கேட்டுச் சொல்ல முடியுமா?"

அவ்வளவுதான் பேசியது. பேசிவிட்டுப் பதில் வரும் என்று மைக்கைப் பிடித்தபடி காத்துக்கொண்டு நின்றேன். அதைத்தான் பிடுங்கினேன் என்கிறாள். பதில் வரவில்லை, கைதட்டல் வந்தது. எல்லாரும் எழுந்து நின்று தட்டினார்கள். காதுக் கருவியில் என் பேச்சு எப்படிப் போய்ச் சேர்ந்ததோ தெரியாது. கொழும்பிலிருந்து வந்த தலைவர், இது மிக முக்கியமான கருத்து என்று சொல்லி எழுதிக்கொண்டார். நேபாளத்துக்காரி ஒருத்தி மட்டும் மேடைக்கு வந்து, என் தலையைத் தன் தோளில் சாய்த்துக்கொண்டாள். இன்னொரு பக்கம் அசாம்காரி. தாங்கிப் பிடித்து இறக்கினார்கள் என்பது அதுதான்.

சாயங்காலம் கூட்டத்தின் தீர்மானங்களை வாசித்தார்கள். ஏழாவதாக ஒன்றை வாசிக்கும்போது மிஸ் என் முழங்கையை இடித்தாள். பெருந்தோட்டச் சமூகங்களின் எல்லை கடந்த குடும்பத் தொடர்புகளை வலுப்படுத்துவதற்குப் பரிந்துரைக்கப்படுகிறது என்று போனது அது.

"பாட்டி, அது ஒங்க அக்காதான்" என்றாள் மிஸ்.

சந்தோஷப்பட்டேனா என்றால், பட்டேன். நம் வீட்டு ஆள் ஒருத்தி நாலு நாட்டுத் தாளில் ஏறியிருக்கிறாள். ஆனால் அப்போதும் ஒருவரும் போன் எடுக்கவில்லை. நான் குறை சொல்லவில்லை மதினி, அவர்களுக்கு யாரைக் கூப்பிடுவது என்று தெரிந்திருக்காது. இரண்டு நாடும் முதல் முதலாக நம் விஷயத்தில் ஒத்துப்போனது நம்மைப் பிரிக்கத்தான். பிரித்தது ஒரு கையெழுத்தில் முடிந்துவிட்டது. சேர்ப்பதற்குத்தான் இத்தனை பேர், இத்தனை தாள், காதில் கருவி.

மூன்றாம் நாள் எல்லாரையும் நம் தோட்டத்துக்குக் கூட்டி வந்தார்கள். நீங்கள் அன்றைக்கு உங்கள் மகள் வீட்டுக்குப் போயிருந்தீர்கள், பார்க்கவில்லை. ஐந்தாம் நம்பர் மலையில் ஆளுக்கொரு செடியில் விட்டார்கள். கையைப் பார்த்தால் எந்த நாடு என்று சொல்ல முடியாது. ஒரே கிள்ளு. கூடலூர்காரி கொழுந்து எடுக்கவில்லை. நேராக நம் காம்பராவுக்கு வந்தாள். அங்கே இப்போது கத்தரியால்தான் வெட்டுகிறார்கள், மட்டக்கம்பைக் கண்ணால் பார்த்தே வருடமாகிறது என்றாள். என் கம்பை எடுத்துக் கொடுத்தேன். குறியின் மேல் விரலை வைத்துப் பார்த்தாள். இதே மாதிரிதான் என்றாள். சத்தியமாக இதேதானா என்றேன். சத்தியம் மட்டும் கேட்காதீர்கள் அம்மா, நான் தப்பாகச் சொல்லி நீங்கள் ஆசைப்பட்டுவிட்டால் அந்தப் பாவம் எனக்கு என்றாள். நல்ல பிள்ளை.

கம்பைக் கொண்டுபோ என்றேன். பக்கத்தில் வைத்துப் பார்த்தால் தெரிந்துவிடும், இரண்டும் ஒரே அளவு. அவளும் சரி என்று வாங்கிக்கொண்டாள். கூட்டி வந்த ஐயாதான் தடுத்தார். மரச் சாமான் பிளேனில் போகாது, பூச்சி வரும், அந்த நாட்டில் பிடித்துக்கொள்வார்கள் என்றார். ஐம்பது வருடமாக என் அடுப்புப் புகையில் இருந்த கம்பில் எந்தப் பூச்சி மதினி உயிரோடு இருக்கும்? அவர் என்ன செய்வார், சட்டம் அப்படி.

அப்போதுதான் எனக்கு அப்பாவின் நூல் ஞாபகம் வந்தது. சேலை முந்தானை ஓரத்தில் ஒரு நூலை உருவினேன். அது நைந்த சேலை இல்லை, கூட்டத்துக்குக் கட்டின நல்ல சேலை. அதைக் கம்பின் நீளத்துக்கு இழுத்துப் பிடித்து, ஒரு நுனி வருகிற இடத்தில் ஒரு முடிச்சு, மறு நுனி வருகிற இடத்தில் ஒரு முடிச்சு போட்டேன். குறி இருக்கும் இடத்தில் இன்னொரு முடிச்சு. அதைச் சுருட்டிக் கூடலூர்காரி தாலிக்கயிற்றோடு சேர்த்துக் கட்டிக்கொண்டாள். நூலை யாரும் பிடித்துக்கொள்ள மாட்டார்கள் பாருங்கள். மருமகளின் போன் நம்பரை அவள் கூட்டத்துப் பையில் எழுதிக்கொண்டாள். பஸ் போகும் வரை கை காட்டினேன். ஜன்னலில் பிடித்துக்கொள்ள இந்த முறை எதுவும் இல்லை.

பதினெட்டு நாள். நான் எண்ணிக்கொண்டுதான் இருந்தேன். பத்தொன்பதாவது நாள் காலையில் மருமகள், அத்தே அத்தே என்று போனைத் தூக்கிக்கொண்டு கொல்லைப்பக்கம் ஓடி வந்தாள். நான் கோழியைக் கூடையால் மூடிக்கொண்டிருந்தேன். கோழியை விட்டுவிட்டேன். கூடலூர்காரி பேசி அனுப்பியிருந்தாள். அதை நான் இருபது முறை கேட்டிருப்பேன், வரி வரியாகச் சொல்கிறேன்.

"அம்மா, நான் வந்த மறுநாளே போய்ப் பாத்தேன், நல்ல சேதியோட பேசலாம்னு தேடினதுல இத்தன நாளாயிடுச்சு. வீடு பூட்டியிருக்கு. நாங்க அங்க கூட்டத்துக்கு வந்திருந்த வாரம்தான் மகன் வந்து திருப்பூருக்குக் கூட்டிட்டுப் போயிட்டாராம். பனியன் கம்பெனில வேல பாக்குறாரு. பக்கத்து வீட்டுல ஒரு நம்பர் இருந்துச்சு, அது இப்ப யாரோ இந்திக்காரர் எடுக்குறாரு. நெலப்படி மேல கம்பு இல்ல. எங்கன்னு கேட்டேன். பஸ் ஏறும்போது பெரியம்மா அதக் கையோட எடுத்துக்கிட்டுப் போனாங்களாம். மகன் ஏசினாராம், டவுன்ல போயி கம்பு எதுக்குன்னு."

அதைக் கேட்டதும் நான் சிரித்துவிட்டேன் மதினி. மருமகள் பயந்துபோனாள், வீடு பூட்டியிருக்கிறது என்கிறார்கள், நீங்கள் சிரிக்கிறீர்களே என்றாள். தழும்பு வேண்டாம், பெயர் வேண்டாம், நூலும் வேண்டாம். ஊரை விட்டுப் போகும்போது ஏச்சு வாங்கிக்கொண்டு கம்பைத் தூக்கிக்கொண்டு போகிறவள் இந்த உலகத்தில் ஒருத்திதான். அவள் உயிரோடு இருக்கிறாள். மகன் இருக்கிறான் அவளுக்கு. கல்யாணம் ஆகியிருக்கிறது. எனக்கு அன்றைக்கு அது போதும் போல இருந்தது. லயம் முழுக்கப் போய்ச் சொன்னேன். மேல் லயத்துக்காரிக்கும் நான்தான் சொன்னேன், அதுதான் தப்பு.

மூன்று நாள் கழித்துத்தான் மனதில் ஏறியது. அவர்கள் இங்கே வந்து நகத்தைக் காட்டிச் சிரித்துக்கொண்டிருந்த நேரத்தில் அவள் பஸ் ஏறியிருக்கிறாள். அந்த ஐயா தொடர்பு என்று படம் போட்டாரே, அந்த நேரத்தில் யாராவது ஒருவர் அந்த லைனில் போன் எடுத்திருந்தால் அவளை நிறுத்தியிருக்கலாம். திருப்பூர் எவ்வளவு பெரிது என்று என் மகனிடம் கேட்டேன். கண்டி மாதிரியா என்றேன். கண்டியை விடப் பெரிது அம்மா என்றான். காங்கேசன்துறையிலிருந்து கப்பல் விட்டிருக்கிறார்களாம், நாகப்பட்டினத்தில் இறங்கலாமாம். பாஸ்போர்ட் எடுத்துக்கூடப் போகலாம். இறங்கி எந்தக் கதவைத் தட்டுவது? மகன் அதைக் கேட்டான். நானும் அதையேதான் கேட்கிறேன்.

மிஸ்ஸிடமும் போனேன். அந்த ஏழாவது என்ன ஆனது என்று கேட்டேன்.

"அடுத்த கூட்டம் காட்மண்டுல பாட்டி. அங்க எடுத்துப் பேசுவாங்க."

"எங்க அக்கா திருப்பூர்ல இருக்கா தாயி. காட்மண்டுல என்னா பேசுறது?"

மிஸ் பாவம், தலையைக் குனிந்துகொண்டாள். அவளைக் கேட்டும் பயனில்லை. அவளும் என்னைப் போல் கேட்டுக்கொண்டு இருக்கிறவள்தான்.

கூடலூர்காரி ஒரு படம் அனுப்பியிருக்கிறாள், அதைத்தான் உங்களுக்குக் காட்ட வேண்டும் என்று கூப்பிட்டேன். பச்சைக் கதவு. பூட்டு. அந்தப் பூட்டின் வளையத்தில் என் சேலை நூலைக் கட்டி விட்டிருக்கிறாள், மூன்று முடிச்சும் தெரிகிறது. சாமான் எல்லாம் இன்னும் உள்ளேதான் இருக்கிறதாம். தோட்டத்துக்கு வீட்டைத் திருப்பிக் கொடுக்க அக்கா ஒரு முறை வந்துதான் ஆக வேண்டுமாம். எப்போது என்று யாருக்கும் தெரியாது. வந்தால் பூட்டைத் திறக்க முன்னால் நூலைப் பார்ப்பாள். கையில் கம்பு இருக்கும். அளந்து பார்ப்பாள், அவளுக்கு யாரும் சொல்லிக் கொடுக்க வேண்டாம். அவள் மகன் மட்டும் சாவியோடு தனியாக வந்தால், பழைய நூல் என்று பிய்த்துப் போட்டுவிடுவான். அதை நினைத்தால்தான் எனக்குச் சோறு இறங்குவதில்லை. இங்கே இருந்துகொண்டு அந்த நூலை நான் எப்படிக் காவல் காப்பது, சொல்லுங்கள்.

இப்போதே காட்டலாம் என்றால் எனக்குப் படத்தைத் திறக்கத் தெரியாது, மருமகள் மலையிலிருந்து இன்னும் வரவில்லை. போனை என்னிடம் விட்டுவிட்டுத்தான் போகிறாள் இப்போதெல்லாம். அது பின் ஜன்னலில் இருக்கிறது. நம் காம்பராவில் அங்கே மட்டும்தான் சிக்னல் எடுக்கிறது. ஒரு சாண் உள்ளே வைத்தாலும் போய்விடும். அதனால் அதை நான் அசைப்பதில்லை, அதற்குப் பக்கத்திலேயே அரிசி பொறுக்குகிறேன்.

ஐயோ, மழை சத்தம் கேட்கிறதா? பின்பக்கம் சாரல் நேராக அந்த ஜன்னலில்தான் அடிக்கும். உள்ளே எடுத்தால் சிக்னல் போய்விடும், விட்டால் நனைந்துவிடும். இருங்கள் மதினி, மலையில் இடுப்பில் கட்டுகிற பழைய படங்கு ஒன்று கதவுக்குப் பின்னால் தொங்குகிறது, அதை ஜன்னல் மேல் பிடித்துக்கொண்டு நிற்கிறேன், நீங்கள் அடுப்பில் இருக்கிற பாலைப் பார்த்துக்கொள்ளுங்கள், பொங்கப் போகிறது.